முகம் மறைத்தால் போதுமா? ஆவணப்படம் எடுப்பவர்களுக்கான கேள்வி–பதில்

இனப்பெருக்க உரிமை பற்றிப் பெண்கள் எடுக்கும் ஆவணப்படங்கள் குறித்துக் கேள்விகள் அனுப்பச் சொல்லியிருந்தோம். முக்கால்வாசி வடசென்னையிலிருந்தே வந்திருக்கின்றன. படம் எடுப்பவர், ஒலிப்பதிவாளர், வழக்கறிஞர் மூவரும் சேர்ந்து பதில் சொல்கிறார்கள்.

விஸ்காம் படிக்கிறேன். 2022-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் கருக்கலைப்பு உரிமையை ரத்து செய்ததைப் படித்ததிலிருந்து, இதைப் பற்றி 20 நிமிடப் படம் எடுக்க ஆசை. "நம்ம ஊர்லதான் 1971-லயே சட்டம் வந்துடுச்சே, எடுக்க என்ன இருக்கு?" என்கிறார் எங்கள் பேராசிரியர். சரிதானா?
— மாணவி, கொருக்குப்பேட்டை

பாதி சரி. சட்டம் 1971-ல் வந்தது, 1972 ஏப்ரலில் அமலுக்கும் வந்தது. ஆனால் அது மருத்துவருக்குப் பாதுகாப்புக் கொடுத்த சட்டம். பெண்ணுக்கு உரிமை கொடுத்த சட்டம் இல்லை. கருக்கலைப்பு இன்றைக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 88-வது பிரிவில் குற்றமாகத்தான் இருக்கிறது. எந்தச் சூழலில் அது குற்றம் ஆகாது என்பதைத்தான் 1971 சட்டம் சொல்கிறது. 2021 திருத்தத்துக்குப் பிறகு, 20 வாரம் வரை ஒரு மருத்துவரின் கருத்து வேண்டும். குறிப்பிட்ட பிரிவுப் பெண்களுக்கு 24 வாரம் வரை இரண்டு மருத்துவர்களின் கருத்தோடு செய்யலாம். அதற்கு மேல் என்றால், பெண்ணின் உயிரைக் காக்க உடனடியாகத் தேவைப்படும் நிலை தவிர, கருவில் கடுமையான குறைபாடு இருக்க வேண்டும், மருத்துவக் குழு ஒப்புக்கொள்ள வேண்டும். அந்த 24 வார வரம்பு திருமணமாகாத பெண்களுக்கும் உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2022 செப்டம்பர் 29-ல் சொன்னது. இத்தனைக்கும் நடுவில், "எனக்கு வேண்டாம்" என்று அந்தப் பெண் சொல்வது மட்டும் எந்தக் கட்டத்திலும் தனியாக நின்று செல்லாது.

அமெரிக்கக் கதையை அப்படியே இங்கே கொண்டுவந்து பொருத்தாதீர்கள். அங்கே அரசு கதவைச் சாத்துகிறது. இங்கே ஒரே கவுன்ட்டரில் திணிப்பும் மறுப்பும் சேர்ந்தே நடக்கின்றன. கலைக்க வந்தவரிடம் "ஆபரேஷனுக்குச் சம்மதம்னா செய்றோம்" என்பது, பிரசவ மேசையிலேயே கேட்காமல் காப்பர்-டி வைத்து அனுப்புவது, சட்டம் கேட்காத கணவர் கையெழுத்தைக் கேட்பது எல்லாம் பெண்கள் அமைப்புகள் பல காலமாகச் சொல்லிவரும் புகார்கள். 2019–21 தேசிய குடும்பநல ஆய்வின்படி இந்தியாவில் மணமான பெண்களிடம் எடுத்த கணக்கில் பெண் கருத்தடை அறுவை 37.9 சதவீதம், ஆண் கருத்தடை 0.3 சதவீதம். உங்கள் படத்துக்கு இந்த இரண்டு எண்களே போதும். சத்தீஸ்கர் பிலாஸ்பூரில் 2014 நவம்பரில், கருத்தடை முகாமில், ஒரே மருத்துவர் ஒரே நாளில் 83 பெண்களுக்கு அறுவை செய்தார். அந்த மாத முகாம்களில் 13 பெண்கள் இறந்தார்கள். அதன் பிறகுதான், 2016-ல், மூன்று ஆண்டுக்குள் முகாம்களை நிறுத்தச் சொன்னது உச்ச நீதிமன்றம். ஆவணப்பட இயக்குநர் தீபா தன்ராஜ் 1991-லேயே குடும்பக் கட்டுப்பாட்டுத் திட்டத்தைப் பற்றிப் படம் எடுத்து, இலக்கு வைத்து ஆள் பிடிப்பதைக் காட்டிவிட்டார்.

அழுகிற முகங்களைத் தேடிப் போகாமல் ஒரு காகிதத்தைப் பின்தொடருங்கள் என்பது எங்கள் யோசனை. கருக்கலைப்புக்குச் சம்மதம் தரும் 'படிவம் சி' எந்த மேசையில் இருக்கிறது, யார் நிரப்புகிறார்கள், கையெழுத்துக்கு முன் படித்துக் காட்டுகிறார்களா, எத்தனை முறை "நாளைக்கு வா" என்கிறார்கள், அந்த நாளைக்கு எத்தனை நாள் கூலி போகிறது? இதற்கே 20 நிமிடம் பத்தாது. இன்னொன்று: கர்ப்பத்தடையை வறுமைக்காகவோ உடல்நலத்துக்காகவோ அல்ல, பெண்ணின் விடுதலைக்காகவே கேட்கிறோம் என்று பெரியார் எழுதி ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு ஆகப்போகிறது. உங்கள் பேராசிரியருக்கு அந்தக் கட்டுரையைக் கொடுங்கள்.

பேச ஒரு அக்கா சம்மதித்திருக்கிறார். "மூஞ்சி மட்டும் தெரியக் கூடாது" என்கிறார். எடிட்டிங்கில் முகத்தை மங்கலாக்கினால் போதுமா?
— புளியந்தோப்பு வாசகி

போதாது. முகத்தை வைத்து அடையாளம் காண்பவர்கள் வெளியாட்கள். அந்த அக்காவுக்கு ஆபத்து பக்கத்து வீட்டிலிருந்தும் மாமியார் வீட்டிலிருந்தும்தான் வரும். அவர்களுக்கு முகமே தேவையில்லை. பின்னால் இருக்கும் பீரோ, சாமி படம் மாட்டியிருக்கும் வரிசை, சுவரின் ரோஸ் பெயின்ட், கையில் குத்திய பச்சை, தாலிச் செயினின் வடிவம், "அப்பறம் பார்த்தியின்னா" என்று ஒவ்வொரு வாக்கியத்தையும் தொடங்கும் பழக்கம், இதில் ஒன்று போதும்.

முதலில் இடத்தை மாற்றுங்கள். அவர் வீட்டில் எடுக்கவே கூடாது. அவர் வழக்கமாகப் போய்வரும் இடமாகவும், நீங்கள் போனால் யாரும் ஏன் என்று கேட்காத இடமாகவும் இருக்க வேண்டும். தையல் வகுப்பு நடக்கும் அறை, சங்க அலுவலகம் மாதிரி.

நிழலுருவமாக எடுப்பதென்றால் ஜன்னலுக்கு முன் உட்காரவைத்து, வெளிச்சத்தை ஜன்னலுக்கு அளந்து வையுங்கள். இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். நிழலின் விவரத்தையும் சேர்த்துச் சேமிக்கும் லாக் முறையில் 10-பிட்டில் எடுத்த காட்சியில், கண்ணுக்குக் கறுப்பாகத் தெரியும் இடத்திலும் முகம் பதிவாகியிருக்கும். கலர் கரெக்ஷன் தெரிந்த யாரும் நிழலை ஏற்றினால் மூக்கும் உதடும் வந்துவிடும். எதிர்ச் சுவர் வெள்ளையாக இருந்தால் அது முகத்தில் ஒளியைத் திருப்பி அடித்து நிலைமையை இன்னும் மோசமாக்கும். அதனால் சாதாரண பிக்சர் புரொபைலில், கறுப்பைக் கறுப்பாகவே பதிவு செய்யுங்கள். எதிர்ச் சுவரில் கறுப்புத் துணி கட்டுங்கள். எடுத்த உடனே நிழலை ஏற்றிப் பார்த்து, முகம் வந்தால் அழித்துவிட்டு மறுபடி எடுங்கள். பீரோக் கண்ணாடி, அணைத்த டிவி, அலமாரியில் கவிழ்த்த எவர்சில்வர் குடம் மூன்றையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். முகம் அவற்றில் அப்படியே விழும்.

கைகளை மட்டும் காட்டுவது எல்லோரும் செய்வது, ஆனால் கையும் ஊருக்குத் தெரியும். வேறொரு பெண்ணின் கையை எடுத்துக்கொண்டு, "இவை பேசுபவரின் கைகள் அல்ல" என்று எழுத்தில் போடுங்கள். பார்ப்பவர் ஏமாறவும் மாட்டார், படம் கெட்டும் போகாது.

குரல்: சுருதியை ஏற்றி இறக்குவது வேலைக்கு ஆகாது, திரும்ப இறக்கினால் பழைய குரல் வந்துவிடும். அதோடு, சுருதி மாற்றிய குரலைக் கேட்டால் குற்றவாளியின் வாக்குமூலம் போல இருக்கும். சொன்னதை எழுதி வேறொருவரைப் பேசவைப்பதுதான் நல்லது. பேசுபவர் அதே பகுதிக்காரராக இருக்கட்டும். "எத்தினி மாசம்னு கேட்டாங்கோ, மூணு முடியப் போவுதுன்னேன்" என்பதை அடையாறிலிருந்து வந்த ஒருவர் படித்தால் காது கூசும்.

குரலும் முகமும் போனாலும் விவரங்கள் மிஞ்சும். மூன்றாவது பிள்ளை, ஆடி மாசம், கணவர் துறைமுகத்தில் டிரெய்லர் ஓட்டுகிறார், ஆஸ்பத்திரி இது. நான்கையும் சேர்த்தால் தெருவில் ஒரே ஆள்தான். வாதத்துக்குத் தேவையான ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை விடுங்கள். மாற்றிப் பொய் சொல்ல வேண்டாம், சொல்லாமல் விட்டால் போதும். தாய்–சேய் அட்டையைக் காட்டினால் பிக்மி எண் (கர்ப்பப் பதிவு எண்) தெரியக் கூடாது. அந்த எண் ஒரே பெண்ணுக்கு உரியது.

கடைசியாக போன். பல வீடுகளில் போன் ஒன்றுதான், அது கணவரிடமோ மகனிடமோ இருக்கும். "அக்கா, ஷூட்டிங் ஞாயித்துக்கிழமை" என்று வாட்ஸ்அப் அனுப்பினால் அதோடு கதை முடிந்தது. நடுவில் இருக்கும் ஒருவர் நேரில் சொல்லட்டும். வெட்டிய படத்தையும் அனுப்பாதீர்கள். கேலரியிலும் கூகுள் போட்டோஸிலும் தானாகப் போய் உட்காரும். லேப்டாப்பை எடுத்துப் போய்க் காட்டுங்கள். கோப்புகளுக்கு அவர் பெயர் வைக்காமல் குறியீடு வையுங்கள். எந்தக் குறியீடு யார் என்பது ஒரு நோட்டில் மட்டும், ஹார்டு டிஸ்க் இருக்கும் வீட்டில் அல்லாமல் வேறு வீட்டில் இருக்கட்டும். டிஸ்க்குக்குக் கடவுச்சொல் பூட்டு கட்டாயம்.

சம்மதத்தை ஒரே தடவையில் வாங்கி முடிக்காதீர்கள். எடுக்கும் முன், எடுத்த பிறகு, வெட்டிய படத்தைப் பார்த்த பிறகு என்று மூன்று முறை. எந்தத் தேதி வரை விலகலாம் என்று எழுதிக் கொடுங்கள். யூடியூபில் ஏறிய பிறகு உங்களாலும் திரும்ப எடுக்க முடியாது என்பதை அந்தச் சொற்களிலேயே சொல்லிவிடுங்கள். மூன்றாவது தடவை அவர் வேண்டாம் என்றால், படத்தின் சிறந்த ஐந்து நிமிடம் அதுதான் என்றாலும், எடுத்துவிட வேண்டும். உடல் யாருடையது என்று கேட்கும் படம், பிம்பம் யாருடையது என்பதில் வேறு நியாயம் பேச முடியாது.

ராயபுரம் ரயில் பாதை ஓரம், சிமென்ட் ஷீட் வீடு. பேட்டி எடுத்தால் ஒலி பயங்கரமாக வருகிறது. மைக்கை மாற்ற வேண்டுமா?
— ராயபுரம் வாசகர்

மைக்கை மாற்றுவதற்கு முன் அறையைச் சரிசெய்யுங்கள். வெறும் சுவரும் ஷீட் கூரையும் எதிரொலிக்கும். கேமராவுக்குப் பின்னாலும் பேசுபவரின் இரண்டு பக்கமும் கனமான போர்வை தொங்கவிடுங்கள். மின்விசிறியை நிறுத்தாமல் தீராது. மே மாதத்தில் நிறுத்தினால் ஆள் தாங்காது. 10, 12 நிமிடத் துண்டுகளாக எடுத்து, நடுவில் போட்டுவிடுங்கள். ஃபிரிட்ஜையும் அணையுங்கள். அணைக்கும்போது உங்கள் வண்டிச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். போடாமல் கிளம்பிவிட்டால் அந்த வீட்டு மீன் குழம்பு கெட்டுப்போகும். சாவி உள்ளே இருந்தால் கிளம்பவே முடியாது.

காலர் மைக் தாடையிலிருந்து ஒரு சாண் கீழே இருக்கட்டும். தாலிச் செயின் அதில் உரசி டிக் டிக் என்று கேட்பது நம் ஊர்ப் பேட்டிகளுக்கே உரிய நோய். கழற்றச் சொல்லாதீர்கள், மைக்கைப் பக்கவாட்டில், முந்தானை மடிப்பில் மைக்ரோபோர் டேப் போட்டு ஒட்டுங்கள். சிந்தெடிக் புடவை சரசரக்கும், பருத்திப் புடவை அவ்வளவு இல்லை. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்ட வேண்டாம். 80 ஹெர்ட்ஸ் லோ-கட் (தாழ்ந்த ஒலியை வெட்டும் ஃபில்டர்) போட்டால் டிரெய்லர் லாரிகளின் உறுமல் பெருமளவு அடங்கும். அந்த அறையின் வெறும் ஒலியை ஒரு நிமிடம் தனியாகப் பதியுங்கள். அது இல்லாமல் எடிட்டர் ஒட்டுப்போட முடியாது.

ரயில் ஹாரன் எந்த ஃபில்டருக்கும் அடங்காது. வழக்கமாக நிறுத்தி, வாக்கியத்தை மறுபடி சொல்லச் சொல்வோம். ஆனால் ஒரு பெண் தன் உடலுக்கு நடந்ததைச் சொல்லும்போது ஹாரன் அடித்தால், தொந்தரவு செய்யாமல் விட்டுவிடுங்கள். ஒலி சுத்தமாக வேண்டும் என்பதற்காக அதை இரண்டாம் முறை சொல்லவைக்கக் கூடாது. ராயபுரத்தில் ரயில் ஓடுவது பார்ப்பவருக்கும் தெரியும். டீக்கடையிலிருந்து வரும் சினிமாப் பாட்டு வேறு விஷயம். அதை வெட்டவும் முடியாது, காப்புரிமைச் சிக்கலும் வரும். போய்க் கேட்டால் பத்து நிமிடம் அணைப்பார்கள். டீ சொல்லிவிட்டுக் கேளுங்கள்.

ஆர்.எஸ்.ஆர்.எம்., ஸ்டான்லி மாதிரி அரசு மருத்துவமனைக்குள் எடுக்கலாமா? அனுமதி கிடைக்காவிட்டால் போனில் ரகசியமாக?
— தண்டையார்பேட்டை வாசகர்

எழுத்தில் அனுமதி வேண்டும்; மருத்துவமனைத் தலைமையிடம் மனு கொடுத்துத் தொடங்குங்கள். மாநகராட்சி ஆரம்ப சுகாதார நிலையம் என்றால் மாநகராட்சி சுகாதாரத் துறையிடம். கிடைத்தாலும் கட்டடம், வரிசை, பலகை வரைதான் எதிர்பார்க்கலாம். கருக்கலைப்பு செய்துகொண்ட பெண்ணின் பெயரையும் விவரத்தையும் வெளியிடும் மருத்துவருக்கு ஓராண்டு வரை சிறை என்கிறது 1971 சட்டத்தின் 5ஏ பிரிவு. அவர் பதிவேட்டைக் காட்ட மறுப்பது உங்கள் படத்துக்கு எதிரான சதி அல்ல, பெண்ணுக்கான பாதுகாப்பு.

ரகசியமாக எடுப்பது வேண்டவே வேண்டாம். வார்டில் போனைத் தூக்கினால் சம்மதம் தராத பத்துப் பெண்கள் காட்சிக்குள் வந்துவிடுவார்கள்.

17 வயதுப் பெண் தன் அனுபவத்தைப் பேசத் தயாராக இருக்கிறாள். அம்மாவும் சரி என்கிறார்.
— வியாசர்பாடி தன்னார்வலர்

எடுக்காதீர்கள். 18 வயதுக்குக் கீழ் என்றால் போக்சோ சட்டம் வரும். அதன் 19-வது பிரிவின்படி குற்றம் நடந்தது தெரிந்தவர் காவல்துறைக்குத் தெரிவிக்க வேண்டும். தெரிந்தவர் என்பதில் கேமரா பிடிப்பவரும் அடக்கம். 23-வது பிரிவு, குழந்தையின் பெயர், முகவரி, படம், பள்ளி, அக்கம்பக்கம் என்று அடையாளம் தெரியும் எதையும் ஊடகம் வெளியிடுவதைத் தடுக்கிறது. அம்மாவின் சம்மதம் இதை மாற்றாது. கலைக்க வரும் சிறுமி கேட்டுக்கொண்டால், காவல்துறைக்கான அறிக்கையில் அவள் அடையாளத்தை மருத்துவர் சொல்ல வேண்டியதில்லை என்று மேலே சொன்ன 2022 செப்டம்பர் தீர்ப்பு சலுகை தந்தது. அது மருத்துவருக்கு, உங்களுக்கு அல்ல. வழக்கறிஞரையோ ஆலோசகரையோ பேசவையுங்கள். அந்தப் பெண்ணுக்கு இப்போது உதவி தேவையா என்று மட்டும் கேளுங்கள், 1098 இருக்கிறது.

பேட்டி கொடுப்பவருக்குப் பணம் தரலாமா?
— திருவொற்றியூர் வாசகி

அன்றைய கூலியையும் ஆட்டோ செலவையும் தரலாம், தரவும் வேண்டும். தொகையை முன்பே சொல்லி, பேட்டிக்கு முன்பே கொடுத்துவிடுங்கள். கதை சொன்ன பிறகு கொடுத்தால் கதைக்குக் கூலி ஆகிவிடும். அடுத்தவர் கதையைக் கூட்டிச் சொல்வார்.

பெண் சிசுக் கலைப்பை எதிர்க்கிறோம், கருக்கலைப்பு உரிமையும் கேட்கிறோம். படத்தில் இது முரணாகத் தெரியாதா? தகவல் பிழை வராமல் வேறு எதைக் கவனிக்க வேண்டும்?
— எர்ணாவூர் வாசகர்

இரண்டும் வேறு சட்டம். கருவின் பாலினத்தைக் கண்டறிந்து சொல்வதுதான் 1994 சட்டப்படி குற்றம். பாலினமே தெரியாத எட்டாவது வாரத்தில் கலைப்பவரைப் பார்த்து "பெண் குழந்தைன்னா?" என்று கேட்பது அபத்தம். இந்தக் குழப்பத்தைக் கிளப்புவது பல சமயம் படமேதான்: கருக்கலைப்பு என்று குரல் சொல்லும்போது ஒன்பது மாத வயிற்றைக் காட்டுகிறார்கள். பெரும்பாலான கலைப்புகள் முதல் 12 வாரத்துக்குள் நடக்கின்றன. அப்போது வயிறே தெரியாது. அந்த ஸ்டாக் காட்சியைத் தூக்கி எறியுங்கள்.

பேட்டியில் எல்லாரும் "டி.என்.சி. பண்ணாங்க" என்பார்கள். எல்லா முறைக்கும் அந்தப் பெயர்தான் இங்கே புழங்குகிறது. சுரண்டி எடுக்கும் அந்தப் பழைய முறைக்குப் பதில் உறிஞ்சி எடுக்கும் முறையைத்தான் உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கிறது. எது நடந்தது என்று டிஸ்சார்ஜ் சீட்டில் பார்க்காமல் வர்ணனையில் எழுதாதீர்கள். மாத்திரை முறைக்கு இந்திய விதிப்படி வரம்பு 9 வாரம். அது மருத்துவர் சீட்டோடு மட்டும். அவசரக் கருத்தடை மாத்திரை முற்றிலும் வேறு. 72 மணி நேரத்துக்குள் போடுவது, கருவைத் தடுப்பது, ஏற்கெனவே உண்டான கருவைக் கலைக்காது. சீட்டு இல்லாமலே விற்கலாம் என்று விதி இருந்தும், தமிழ்நாட்டு மருந்துக் கடைகளில் பெரும்பாலும் கிடைப்பதில்லை. தண்டையார்பேட்டையில் வரிசையாக பத்துக் கடை கேட்டுப் பாருங்கள், அதுவே ஒரு காட்சி. கடைப் பலகையையும் ஆள் முகத்தையும் விட்டுவிட்டு, பதில்களை மட்டும் வையுங்கள்.

தமிழ் சப்டைட்டில் போட்டால் கொம்பும் காலும் பிய்ந்து வருகிறது.
— பெரம்பூர் வாசகி

அடோபி பிரீமியர் என்றால் பிரிஃபரன்சஸில் கிராபிக்ஸ் பகுதியில் டெக்ஸ்ட் இன்ஜினை 'சவுத் ஏஷியன் அண்ட் மிடில் ஈஸ்டர்ன்' என்று மாற்றி, யூனிகோட் எழுத்துரு போடுங்கள். புரொஜெக்டரில் மெலிந்த எழுத்து தெரியாது, தடித்ததைப் போடுங்கள். வடசென்னைப் பேச்சைச் சப்டைட்டிலில் செந்தமிழாக்கித் திருத்தவும் வேண்டாம்.

படத்தை எங்கள் பகுதிப் பெண்களுக்கே போட்டுக் காட்ட வேண்டும். சென்சார் வேண்டுமா? எப்போது, எப்படி?
— காசிமேடு மகளிர் குழு

பொதுத் திரையிடலுக்கு 1952 திரைப்படச் சட்டப்படி சான்றிதழ் வேண்டும். விண்ணப்பம் இணைய வழியில், மண்டல அலுவலகம் சென்னையிலேயே இருக்கிறது. 2023 திருத்தத்துக்குப் பிறகு யு/ஏ பிரிவு 7, 13, 16 வயது என்று பிரிந்திருக்கிறது. வெட்டச் சொன்னால் முறையிட இருந்த தீர்ப்பாயத்தை 2021-ல் கலைத்துவிட்டார்கள். இப்போது நேராக உயர் நீதிமன்றம்தான். சங்க உறுப்பினர்களை மட்டும் அழைத்துச் சங்க அறையில் போடுவது தனிக் காட்சி. அதற்குப் போஸ்டர் ஒட்டாதீர்கள், டிக்கெட் போடாதீர்கள்.

நேரம்தான் உங்கள் பகுதியில் முக்கியம். மீன் விற்கும் பெண்கள் விடியும் முன்பே துறைமுகத்துக்குப் போகிறவர்கள். இரவுக் காட்சி வைத்தால் வருபவர்களும் தூங்கிவிடுவார்கள். மதியம் 3 மணிக்கு வையுங்கள், சீரியல் தொடங்கும் முன் முடித்துவிடலாம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம், ஆண்கள் கரையில் இருப்பார்கள்; அந்த 61 நாளில் "எங்க போற?" என்ற கேள்விக்குப் பதில் சொல்லித்தான் ஒவ்வொருவரும் வர வேண்டியிருக்கும். முதல் காட்சி பெண்களுக்கு மட்டும் இருக்கட்டும். பகல் என்பதால் ஜன்னல்களைக் கறுப்புத் துணியால் அடையுங்கள். 3000 லூமென் புரொஜெக்டர், எட்டடி அகல வெள்ளைத் துணி, இரண்டு ஸ்பீக்கர். ஒலிபெருக்கியை வாசலுக்கு வெளியே வைக்காதீர்கள், உள்ளே பேசுவது தெருவுக்குக் கேட்கக் கூடாது.

படம் முடிந்ததும் சபையில் யாரும் கேட்க மாட்டார்கள். செருப்பு மாட்டும் இடத்தில், "எங்க வூட்டுப் பக்கத்துல ஒரு பொண்ணு, அதுக்கு என்னா பண்ணலாம்?" என்று தொடங்குவார்கள். அந்தப் பொண்ணு யார் என்று கேட்காதீர்கள். மாத்திரை பெயர் சொல்லும் வேலை இயக்குநருக்கு இல்லை. நம்பகமான செவிலியர் அல்லது மருத்துவர் ஒருவரைத் தனி மூலையில் உட்காரவைத்து அங்கே அனுப்புங்கள். 104 மருத்துவ உதவி எண்ணையும் 181 பெண்கள் உதவி எண்ணையும் சின்னத் துண்டுச் சீட்டில், வேறு எந்த வாசகமும் இல்லாமல் அச்சிட்டுக் கொடுங்கள். வீட்டில் யார் கையில் கிடைத்தாலும் கேள்வி வராது. நிதி தந்தவருக்கு அறிக்கை அனுப்பப் பார்வையாளர்களைப் போட்டோ எடுக்க வேண்டாம், வருகைப் பதிவேட்டில் பெயரும் போன் எண்ணும் வாங்க வேண்டாம். எத்தனை பேர் வந்தார்கள் என்று எண்ணிக்கை எழுதினால் போதும். அதை ஏற்காத நிதியாளரிடம் இந்த அறையின் நிலைமையை விளக்கி ஒரு கடிதம் எழுதுங்கள்.